பிரதமர் கேட்டார், ஊர் மறுத்தது: கட்டாய ராணுவச் சேவை பற்றி ஓர் எளிய அறிமுகம்

தமிழ்நாட்டில் ராணுவ ஆள்சேர்ப்பு என்றால் அதிகாலை மைதானத்தில் மூச்சிரைக்க ஓடும் இளைஞர் கூட்டம்தான் நினைவுக்கு வரும். இருக்கிற இடங்களைவிட வருகிறவர்கள் பல மடங்கு. உயரம் கொஞ்சம் குறைந்துவிட்டது, மார்பளவு போதவில்லை என்று திருப்பி அனுப்பப்பட்டவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு பஸ் ஏறுவார். வேலூர்ப் பக்கம் வீட்டுக்கு வீடு ராணுவக்காரர் இருக்கும் கிராமங்களே உண்டு. சுதந்திர இந்தியா யாரையும் சட்டம் போட்டுப் படையில் சேர்த்ததில்லை. அதனால் "ஆள் போதவில்லை, பெயர் எழுதிப் பிடித்து வா" என்ற நிலைமை இங்கே பலருக்கும் கதையில் கேட்டதுதான்: முரசறைந்து வீட்டுக்கு ஓர் ஆளைக் கேட்கும் மன்னன், அவ்வளவே. சிங்கப்பூர்த் தமிழ்க் குடும்பங்களுக்கு இது அன்றாடம். 1967-லிருந்து அங்கே பையனுக்குப் பதினெட்டு வயது வந்தால் 'என்.எஸ்.' என்கிற தேசிய சேவைக்குப் போயே ஆகவேண்டும். வன்னியில் போரின் கடைசி ஆண்டுகளில் பிள்ளைகளை ஒளித்து வைத்த தாய்மாருக்கு இதன் வேறொரு கொடிய முகம் தெரியும். அது தனியே எழுதவேண்டிய விஷயம். இங்கே நான் எடுத்துக்கொள்வது, தேர்ந்தெடுக்கப்பட்ட ஓர் அரசு போர் நடுவே தன் மக்களிடம் இதைக் கேட்கும்போது என்ன நடக்கிறது என்பதை.

முதலில் சொல்லின் பொருள். கட்டாய ராணுவச் சேவை என்றால், குறிப்பிட்ட வயதில் இருக்கும் குடிமக்கள் படையில் சேரவேண்டும் என்று அரசு சட்டத்தால் ஆணையிடுவது. மறுத்தால் அபராதம் அல்லது சிறை. உடல்நலம், குடும்பச் சூழல், செய்யும் தொழில், மத நம்பிக்கை என்று காரணம் காட்டி விலக்குக் கேட்கலாம். தருவதும் மறுப்பதும் அதற்கென்று அமைத்த மன்றத்தின் கையில். தேவைக்கு மேல் ஆள் இருந்தால் குலுக்கல். வியட்நாம் போர்க் காலத்தில் ஆஸ்திரேலியாவில் பிறந்த தேதிக்கு ஒன்றாக மரக் குண்டுகளை உருளையில் போட்டுச் சுழற்றி எடுத்தார்கள். எடுத்த தேதியில் பிறந்த இருபது வயதுக்காரர்கள் படைக்குப் போனார்கள். ஏலச்சீட்டு குலுக்குவது மாதிரிதான், சீட்டு விழுந்தவருக்குக் கையில் துப்பாக்கி.

இதில் மூன்று படிகளைப் பிரித்துப் பார்த்தால் பின்னால் வரும் சண்டையெல்லாம் எளிதாகப் புரியும். கட்டாயப் பயிற்சி முதல் படி. எதிரி வந்தால் சொந்த மண்ணைக் காக்கக் கட்டாயமாக நிற்பது இரண்டாவது. கப்பலில் ஏற்றி வேறொரு கண்டத்துக்கு அனுப்புவது மூன்றாவது. முதல் இரண்டையும் முணுமுணுத்துக்கொண்டே ஏற்றுக்கொண்ட நாடுகள்கூட மூன்றாவது படியில் வந்து இரண்டாகப் பிளந்தன. ஆஸ்திரேலியா அப்படிப்பட்ட நாடு. அங்கே 1911-லிருந்தே சிறுவர்களுக்குக் கட்டாய ராணுவப் பயிற்சி இருந்தது. ஆனால் 1903-ஆம் ஆண்டின் பாதுகாப்புச் சட்டம் ஒரு கோடு போட்டிருந்தது: நாட்டுக்கு வெளியே போய்ச் சண்டை போட, தானாக முன்வந்தவரைத்தான் அனுப்பலாம்.

அந்த எல்லைக்கோட்டை அழிக்க, முதல் உலகப் போர் நடுவே, 1916-லும் 1917-லும் ஒரு பிரதமர் மக்களிடம் ஓட்டுக் கேட்டார். நடந்துகொண்டிருக்கும் போருக்கு ஆளை அனுப்பலாமா என்று ஓர் அரசு தன் வாக்காளர்களையே கேட்டது உலகத்தில் அபூர்வம். பிரிட்டன் கேட்கவில்லை, பக்கத்து நியூசிலாந்தும் கேட்கவில்லை. இரண்டும் 1916-இல் நாடாளுமன்றத்தில் சட்டம் போட்டு முடித்துக்கொண்டன.

துறைமுகத்திலிருந்து வந்தவர்

அந்தப் பிரதமர் பெயர் வில்லியம் மோரிஸ் ஹியூஸ். எல்லாருக்கும் பில்லி ஹியூஸ். 1862-இல் லண்டனில் வேல்ஸ் குடும்பத்தில் பிறந்து, இருபத்திரண்டு வயதில் ஆஸ்திரேலியாவுக்குக் கப்பல் ஏறியவர். கிடைத்த வேலையெல்லாம் செய்தார். சிட்னியில் ஒரு சின்னக் கடை வைத்திருந்தார், குடை பழுதுபார்த்தார். பிறகு சிட்னி துறைமுகத் தொழிலாளர் சங்கத்தின் செயலாளர் ஆனார். ஒல்லியான குள்ள உருவம், மந்தமான காது, கத்தி போன்ற நாக்கு. லேபர் கட்சியில், அதாவது தொழிலாளர் கட்சியில், வளர்ந்து 1915 அக்டோபரில் பிரதமர் ஆனார்.

இந்தப் பின்னணியை ஏன் சொல்கிறேன் என்றால், கட்டாய ஆள்சேர்ப்பைக் கொண்டுவர முயன்றவர் பணக்காரர் கட்சித் தலைவர் அல்ல. அதை எதிர்த்துத் தெருவில் இறங்கியவர்கள் அவர் சொந்தச் சங்கத்து ஆட்கள். அவரும்கூட 1915 ஜூலையில், யாரையும் விருப்பத்துக்கு மாறாக நாட்டுக்கு வெளியே அனுப்பச் சம்மதிக்கமாட்டேன் என்று நாடாளுமன்றத்தில் சொன்னவர்தான். அவர் மனம் மாறியதற்குக் காரணம் அடுத்த ஓராண்டில் நடந்தது.

போர் தொடங்கிய 1914-இல் ஆஸ்திரேலியாவின் மக்கள்தொகை ஐம்பது லட்சத்துக்கும் கொஞ்சம் குறைவு. ஆரம்பத்தில் ஆள் குவிந்தார்கள். துருக்கியின் கலிப்போலியில் தரையிறங்கிய செய்தி வந்த பிறகு, 1915 ஜூலை மாதம் மட்டும் 36,575 பேர் சேர்ந்தார்கள். 1916 நடுவில் அது மாதம் ஏழாயிரத்துக்குக் கீழே இறங்கியது. அதே நேரத்தில் படை பிரான்ஸுக்கு மாற்றப்பட்டது. ஃப்ரோமெல் என்ற இடத்தில் 1916 ஜூலை 19 இரவு நடந்த ஒரே தாக்குதலில் 5,533 ஆஸ்திரேலியர்கள் இறந்தோ காயப்பட்டோ பிடிபட்டோ போனார்கள். அடுத்து பொசியேர். அங்கும் அதைச் சுற்றியும் ஆறேழு வாரத்தில் ஏறக்குறைய 23,000 பேர். ஒருபக்கம் ஓட்டை பெரிதாகிக்கொண்டே போகிறது, மறுபக்கம் குழாயில் தண்ணீர் குறைகிறது.

ஹியூஸ் அந்த ஆண்டு முதல் பாதியில் பிரிட்டனில் இருந்தார். அங்கே அவருக்கு ராஜ மரியாதை. பத்திரிகைகள் தூக்கி வைத்துக் கொண்டாடின. போர்முனைக்கும் போய்ப் படைவீரர்களைப் பார்த்தார். திரும்பி வந்தவர் கையில் ராணுவத் தலைமை கொடுத்த கணக்கு இருந்தது: முதல் மாதம் 32,500 பேர், அதன் பிறகு மாதம் 16,500 பேர் வேண்டும். தானாக வரும் ஆள் அதில் பாதிகூட இல்லை.

சரி, சட்டத்தைத் திருத்த வேண்டியதுதானே, மக்களிடம் ஏன் போனார்? ஏனென்றால் அவர் கட்சியே இரண்டாக நின்றது. கீழவையில் எதிர்க்கட்சியின் தயவில் சட்டம் நிறைவேறிவிடும். மேலவையான செனட்டில் லேபர் உறுப்பினர்கள் பெரும்பான்மை. அவர்களில் பலர் மறுத்துவிட்டார்கள். மக்கள் 'ஆம்' என்று சொல்லிவிட்டால் செனட்டர்கள் வாய் அடைபடும் என்று ஹியூஸ் கணக்குப் போட்டார். அரசியல் சாசனத்தை மாற்றும் வாக்கெடுப்பு அல்ல இது. சட்டப்படி யாரையும் கட்டுப்படுத்தாத, கருத்தறியும் ஓட்டு. ஆனால் இப்படி ஓர் ஓட்டெடுப்பை நடத்திவிட்டு, முடிவு பிடிக்கவில்லை என்று எந்தத் தலைவரால் ஒதுக்கிவிட முடியும்?

'வேண்டாம்' என்றவர்கள் யார்

புதிதாகப் படிப்பவர்கள் இங்கேதான் தடுமாறுவார்கள். கட்டாய ஆள்சேர்ப்பை எதிர்த்தவர்கள் எல்லாரும் போரை எதிர்த்தவர்கள் அல்ல. போரை முழுமையாக ஆதரித்து, மகனையும் அனுப்பிவிட்டு, "என் மகன் தானாகப் போனான், இன்னொருத்தி மகனை இழுத்துப் போக எனக்கு உரிமை இல்லை" என்று நினைத்தவர்கள் ஏராளம். தானாக வந்தவன் பக்கத்தில் இழுத்து வரப்பட்டவனை நிறுத்தாதே என்று போர்முனையிலேயே நினைத்தவர்கள் இருந்தார்கள். படைவீரர்களின் ஓட்டு தனியாக எண்ணப்பட்டது. 1916-இல் 72,399 பேர் 'ஆம்', 58,894 பேர் 'இல்லை'. அகழியில் கிடப்பவன் ஒருமனதாக ஆள் கேட்பான் என்று எதிர்பார்த்தவர்களுக்கு இது பெரிய அதிர்ச்சி.

தொழிற்சங்கங்களின் கோபம் வேறு. விலைவாசி ஏறிக்கொண்டிருந்தது, கூலி ஏறவில்லை. விலையைக் கட்டுப்படுத்தும் அதிகாரம் கேட்டு நடக்கவிருந்த வாக்கெடுப்பை ஹியூஸ் 1915 கடைசியில் கைவிட்டிருந்தார். "ஏழையின் மகனைக் கட்டாயமாக எடுக்கிறாயே, பணக்காரன் சொத்தைக் கட்டாயமாக எடுப்பாயா?" என்று மேடைக்கு மேடை கேட்டார்கள். அதற்கு ஒழுங்கான பதில் வரவில்லை. இன்று படிக்கும்போதும் அந்த வாதத்தில் எனக்கு ஓட்டை தெரியவில்லை.

அதே சங்கங்களின் இன்னொரு வாதம் படிக்கவே கூசும். வெள்ளைக்காரத் தொழிலாளி போர்முனைக்குப் போனால் அவன் இடத்துக்கு ஆசியாவிலிருந்து மலிவுக் கூலிக்காரர்களை இறக்கிவிடுவார்கள் என்ற பயம். 'வெள்ளை ஆஸ்திரேலியா' என்பது அப்போது எல்லாக் கட்சிக்கும் பொதுக் கொள்கை. ஐரோப்பிய மொழி ஏதாவது ஒன்றில் ஐம்பது சொல் எழுதச் சொல்லி, தவறினால் திருப்பி அனுப்பும் சட்டம் 1901-லிருந்து இருந்தது. இந்தியர்களும் அதில்தான் தடுக்கப்பட்டார்கள். ஓட்டெடுப்பு நெருங்கிய நேரம் பார்த்து, பிரெஞ்சுக் கப்பல் ஒன்றில் மால்டா தீவிலிருந்து இருநூற்றுச் சொச்சம் தொழிலாளிகள் வந்து சேர்ந்தார்கள். மால்டா பிரிட்டிஷ் சாம்ராஜ்யத்தில் சேர்த்தி, அவர்களும் பிரிட்டிஷ் பிரஜைகள். ஹியூஸ் அரசு பதறியது. டச்சு மொழியில் பரீட்சை வைத்து, எல்லாரையும் தோற்கடித்து, கரையில் கால் வைக்கவிடாமல் அனுப்பியது. கப்பலின் பெயர் பிரெஞ்சில் கங்கை. இரண்டு பக்கமும் சுத்தமான கையோடு நின்ற சண்டை அல்ல இது என்பதற்காகச் சொல்கிறேன்.

அப்புறம் அயர்லாந்து. ஆஸ்திரேலியாவில் ஐந்தில் ஒருவருக்குக் கொஞ்சம் மேல் கத்தோலிக்கர், பெரும்பாலும் அயர்லாந்து வம்சாவளி. 1916 ஈஸ்டரில் டப்ளினில் எழுந்த கிளர்ச்சியை அடக்கி, தலைவர்களை பிரிட்டன் சுட்டுக்கொன்றது. இப்போது அதே பிரிட்டனுக்காகப் பிள்ளைகளைக் கொடு என்று கேட்டால்? அயர்லாந்தில் பிறந்து மெல்பர்னுக்கு வந்திருந்த டேனியல் மேனிக்ஸ் என்ற ஆயர் வெளிப்படையாக எதிர்த்தார். 1917-இல் பேராயரான பிறகு இன்னும் உரக்கப் பேசினார். இது வியாபாரப் போட்டிக்காக நடக்கும் சண்டை என்றார். கத்தோலிக்க ஆயர்களில் கட்டாயச் சேவையை ஆதரித்தவர்களும் இருந்தார்கள். ஆனால் கூட்டம் கூடியது மேனிக்ஸுக்குத்தான். புராட்டஸ்டன்ட் சபைகள் பெரும்பாலும் 'ஆம்' பக்கம் நின்றதால், போருக்கு ஆள் எடுக்கும் கேள்வி எந்தக் கோயிலுக்குப் போகிறாய் என்ற கேள்வியாகவும் ஆகிவிட்டது.

பெண்களுக்கு அங்கே 1902-லேயே தேசிய ஓட்டுரிமை. ஆகவே இரண்டு தரப்பும் தாய்மாரைக் குறிவைத்தன. படையில் சேராத இளைஞனின் கையில் வெள்ளை இறகு கொடுத்து 'கோழை' என்று அவமானப்படுத்திய பெண்கள் ஒருபக்கம். விடா கோல்ட்ஸ்டைன், அடெலா பாங்க்ஹர்ஸ்ட் போன்றவர்கள் 'பெண்கள் அமைதிப் படை' என்று அமைத்து ஊர் ஊராகப் பேசியது மறுபக்கம். அடெலாவின் அம்மா எம்மலின் பாங்க்ஹர்ஸ்ட் அதே நேரத்தில் பிரிட்டனில் போருக்கு ஆதரவாகப் பிரச்சாரம் செய்துகொண்டிருந்தார். ஒரே வீடு.

முந்திக்கொண்ட அவசரம்

ஹியூஸ் தோற்றதற்குப் பெரிய காரணங்கள் இவை. சின்னக் காரணங்களை அவரே ஏற்பாடு செய்துகொண்டார். ஓட்டெடுப்பு 1916 அக்டோபர் 28. முடிவு எப்படியும் 'ஆம்' என்ற நம்பிக்கையில், அதற்கு முன்பே உள்நாட்டுச் சேவை என்ற பெயரில் 21 முதல் 35 வயது வரையுள்ள மணமாகாத ஆண்களை முகாமுக்கு வரச்சொல்லி ஆணை போட்டார். விலக்குக் கேட்டவர்களிடம் விரல்ரேகை எடுத்தார்கள், ஏதோ குற்றவாளி மாதிரி. விவசாய வேலை உச்சத்தில் இருக்கும்போது பையனை முகாமுக்கு அனுப்பவேண்டிவந்த பண்ணைக்காரர்கள், வழக்கமாக அரசுக்கு விசுவாசமானவர்கள், யோசிக்க ஆரம்பித்தார்கள். கட்டாயச் சேவை எப்படி இருக்கும் என்பதற்கு ஓட்டுப் போடுவதற்கு முன்பே ஒரு மாதிரி பார்த்துவிட்டார்கள்.

அதோடு விடவில்லை. வாக்குச்சாவடியில் அந்த வயது ஆண்களிடம் "முகாம் ஆணைக்குக் கட்டுப்பட்டாயா?" என்று கேட்டு, இல்லையென்றால் ஓட்டைத் தனியே எடுத்து வைக்கவேண்டும் என்று ஒரு விதி கொண்டுவரப் பார்த்தார். அமைச்சர்கள் மறுத்தார்கள். இரண்டு நாள் கழித்து வேறு சிலரை வைத்து அதை நிறைவேற்றினார். விஷயம் தெரிந்ததும் ஓட்டெடுப்புக்கு முந்தின நாள் மூன்று அமைச்சர்கள் ராஜினாமா செய்தார்கள்.

முடிவு: 'ஆம்' 10,87,557. 'இல்லை' 11,60,033. வித்தியாசம் 72,476. ஓட்டுப் போடுவது கட்டாயமில்லாத அந்தக் காலத்தில் பத்தில் எட்டுப் பேருக்கு மேல் வந்து போட்ட ஓட்டு இது. பெரிய பத்திரிகைகள், தொழிலதிபர்கள், பெரும்பாலான மாநில அரசுகள் என்று செல்வாக்குள்ள எல்லாரும் 'ஆம்' பக்கம் இருந்தும் இந்த முடிவு.

பாதிப்பு கட்சிக்குத்தான் முதலில். நவம்பர் 14 அன்று லேபர் உறுப்பினர் கூட்டத்தில் ஹியூஸ் மேல் நம்பிக்கையில்லாத் தீர்மானம் விவாதிக்கப்பட்டபோது, தன்னோடு நிற்பவர்கள் வாருங்கள் என்று சொல்லி எழுந்து வெளியே போனார். இருபத்துநாலு பேர் பின்னால் போனார்கள். பழைய எதிர்க்கட்சியோடு சேர்ந்து தேசியவாதக் கட்சி என்று புதிதாக ஆரம்பித்து, 1917 மே தேர்தலில் பெரிய வெற்றி பெற்றார். கவனியுங்கள்: ஆறு மாதத்துக்கு முன் அவர் கேட்டதை மறுத்த அதே மக்கள் அவரையே பிரதமராகத் தேர்ந்தெடுத்தார்கள். போரை நடத்து, ஆளைக் கட்டாயப்படுத்தாதே. இதில் முரண்பாடு எதுவும் இல்லை. ஹியூஸ் மட்டும்தான் முரண்பாடாகப் பார்த்தார். லேபர் கட்சி 1929 வரை தேசிய ஆட்சிக்குத் திரும்பவில்லை.

முட்டை

1917 கடைசியில் மறுபடி. இந்த முறை கேள்வியைத் தேன் தடவி எழுதினார்கள். கட்டாயம் என்ற சொல்லே கிடையாது. வெளிநாட்டிலுள்ள படைகளுக்குத் துணைப்படை அனுப்பும் அரசின் யோசனைக்கு ஆதரவா என்று மட்டும் கேட்டார்கள். எண்ணிக்கையும் மாதம் 7,000 என்று இறங்கியது; தானாக வருபவர் குறைந்தால் 20 முதல் 44 வயதுக்குள் மணமாகாதவர்களிடம் குலுக்கல். எதிரி நாடுகளில் பிறந்து குடியுரிமை பெற்றவர்களின் ஓட்டுரிமையைப் பறித்தார்கள். இந்த அதிகாரம் கிடைக்காவிட்டால் ஆட்சியில் இருக்கமாட்டேன் என்று ஹியூஸ் பகிரங்கமாகச் சொன்னார்.

மாநில முதல்வர்களில் எதிர்த்தவர் ஒரே ஒருவர், குயின்ஸ்லாந்தின் டி.ஜே. ரையன். அவர் பேச்சைப் பத்திரிகைகளில் வரவிடாமல் மத்திய அரசின் தணிக்கை தடுத்தது. ரையன் வக்கீல், சட்டத்தின் சந்துபொந்து தெரிந்தவர். அதே பேச்சைச் சட்டசபையில் பேசினார். சட்டசபையில் பேசினால் அவைக்குறிப்பில் அச்சாகும், அச்சானால் ஊருக்கு விநியோகிக்கலாம். நவம்பர் 26 இரவு ஹியூஸ் பிரிஸ்பேனில் இருந்த மாநில அரசு அச்சகத்துக்கு ராணுவ வீரர்களோடு ஆள் அனுப்பி அந்தப் பிரதிகளைக் கைப்பற்றினார். ஒரு மாநிலத்தின் அவைக்குறிப்பை மத்திய அரசு பறிமுதல் செய்கிறது! மாநில உரிமை பற்றிப் படித்தவர்களுக்கு இது ஒன்றே போதும், அந்த ஆண்டின் சூடு தெரிய.

மூன்று நாள் கழித்து வார்விக் என்ற ஊரின் ரயில் நிலையத்தில் ஹியூஸ் இறங்கிக் கூட்டத்தில் பேசப் போனார். எங்கிருந்தோ ஒரு முட்டை பறந்து வந்து தொப்பியைத் தட்டிவிட்டது. தள்ளுமுள்ளு. எறிந்தவனைக் கைது செய் என்று ஹியூஸ் அங்கிருந்த மாநிலப் போலீஸ் அதிகாரிக்கு உத்தரவிட்டார். அவரோ, நான் குயின்ஸ்லாந்துச் சட்டத்துக்குத்தான் கட்டுப்பட்டவன் என்று சொல்லிவிட்டார். அந்த அதிகாரியை இடைநீக்கம் செய்யச் சொல்லி ஹியூஸ் தந்தி அடிக்க, ரையன் மறுக்க, சில நாட்களில் ஹியூஸ் தனக்கென்று ஒரு மத்தியப் போலீஸ் படையையே உருவாக்கினார். ஒரு முட்டையால் பிறந்த போலீஸ் என்று ஆஸ்திரேலியர்கள் இன்றும் கேலி செய்வதுண்டு.

டிசம்பர் 20 ஓட்டெடுப்பில் 'இல்லை' இன்னும் பெருத்தது: 11,81,747-க்கு எதிராக 10,15,159. முதல் முறை 'ஆம்' சொன்ன விக்டோரியா மாநிலமும் கட்சி மாறியது. சொன்ன சொல்லைக் காப்பாற்ற ஹியூஸ் 1918 ஜனவரி 8 அன்று ராஜினாமா கொடுத்தார். வேறு யாராலும் அரசு அமைக்க முடியாது என்று கவர்னர் ஜெனரல் முடிவு செய்ய, ஜனவரி 10 அன்று அவரே மறுபடி பிரதமர். இடையில் இரண்டு நாள்.

போர் முடிந்தபோது 4,16,809 பேர் சேர்ந்திருந்தார்கள், எல்லாரும் தானாக வந்தவர்கள். அறுபதாயிரத்துக்கு மேல் இறந்தார்கள். கட்டாயம் இல்லாவிட்டால் படை நின்றுவிடும் என்று ஹியூஸ் சொன்னது நடக்கவில்லை. இருந்தாலும் கடைசி ஆண்டில் ஆளில்லாமல் சில பட்டாலியன்களைக் கலைக்கவேண்டி வந்தது உண்மை.

என் பார்வையில் அவர் சறுக்கியது கேள்வியில் அல்ல, அதைக் கேட்ட விதத்தில். 'இத்தனை ஆள் குறைகிறது, என்ன செய்யலாம்?' என்று கேட்டிருந்தால் அது ஒரு கணக்கு. 'நீ விசுவாசியா துரோகியா?' என்று கேட்டார். அப்படிக் கேட்டதும் கூலி, மதம், அயர்லாந்து, மாநில உரிமை என்று அவரவர் வீட்டுப் பரணில் கிடந்த பழைய கணக்கெல்லாம் கீழே இறங்கி வந்தது.

கேட்காமல் செய்தவரும், ஒத்திப்போட்டவரும்

கனடாவில் பிரதமர் ராபர்ட் போர்டன் மக்களைத் தனியாகக் கேட்கவில்லை. 1917 ஆகஸ்டில் சட்டம் போட்டார், டிசம்பரில் தேர்தல் வைத்தார். தேர்தலுக்கு முன் வாக்காளர் பட்டியலில் கை வைத்தார்: படைவீரர்களின் மனைவி, தாய், சகோதரிகளுக்கு ஓட்டுரிமை கொடுத்தார், எதிரி நாடுகளிலிருந்து 1902-க்குப் பிறகு வந்து குடியுரிமை பெற்றவர்களிடமிருந்து எடுத்தார். ஜெயித்தார். ஆனால் பிரெஞ்சு பேசும் கியூபெக் மாகாணத்தின் 65 இடங்களில் 62 எதிர்க்கட்சித் தலைவர் லோரியே பக்கம் போனது.

கியூபெக்கின் கோபத்துக்கு ஒரு பின்கதை இருந்தது, தமிழ் வாசகருக்கு அதை அதிகம் விளக்கத் தேவையில்லை. பக்கத்து ஒன்டாரியோ மாகாணம் 1912-இல் பள்ளிகளில் பிரெஞ்சு வழிக் கல்வியை வெட்டியிருந்தது. "ஐரோப்பாவில் பிரான்ஸைக் காக்கப் போகச் சொல்கிறீர்கள், இங்கே என் பிள்ளை பிரெஞ்சில் படிக்கக்கூடாதா?" என்பது அவர்கள் கேள்வி. 1918 ஈஸ்டர் நாட்களில் கியூபெக் நகரில் கலவரம் வெடித்தது. ஆங்கிலம் பேசும் பகுதியிலிருந்து வந்த படை சுட்டதில் நாலு பேர் இறந்தார்கள். இத்தனைக்குப் பிறகு கட்டாயமாக எடுக்கப்பட்டு பிரான்ஸ் வரை போய்ச் சேர்ந்தவர்கள் சுமார் 24,000 பேர்.

இதையெல்லாம் பார்த்துப் பாடம் கற்றவர் மெக்கென்சி கிங், இரண்டாம் உலகப் போரில் கனடாவின் பிரதமர். வழவழ கொழகொழ என்று பேசுவதில் மன்னன். வெளிநாட்டுக்குக் கட்டாயமாக அனுப்பமாட்டேன் என்று 1939-இல் வாக்குக் கொடுத்திருந்தார். 1942 ஏப்ரலில் அந்த வாக்கிலிருந்து என்னை விடுவிப்பீர்களா என்று நாட்டைக் கேட்டார். நாடு பெரிய வித்தியாசத்தில் 'ஆம்' என்றது. கியூபெக் அதைவிடப் பெரிய வித்தியாசத்தில் 'இல்லை' என்றது. வாக்குக் கொடுத்தது எங்களிடம், விடுவிக்கச் சொல்லிக் கேட்பது எல்லாரிடமுமா என்பது அவர்கள் வாதம். நியாயம்தான். கிங் அனுமதியை வாங்கிப் பையில் போட்டுக்கொண்டு இரண்டரை வருடம் சும்மா இருந்தார். உள்நாட்டுச் சேவைக்கு எடுக்கப்பட்டு, கடல் கடக்க மறுத்த வீரர்களை மற்றவர்கள் 'ஜோம்பி', அதாவது நடைப்பிணம், என்று திட்டினார்கள். 1944 நவம்பரில் வேறு வழியில்லாமல்தான் 16,000 பேரை அனுப்ப உத்தரவிட்டார். கிட்டத்தட்ட 13,000 பேர் கடல் கடந்தார்கள். போர்முனைப் பிரிவுகளில் சேர்ந்தவர்கள் இரண்டாயிரத்துச் சொச்சம். கிங்கின் இந்த இழுத்தடிப்பைக் கோழைத்தனம் என்று திட்டியவர்கள் அதிகம். ஆனால் 1944-இல் கியூபெக் அமைச்சர்களில் ஒருவர்தான் விலகினார், நாடு உடையவில்லை. போர்க்காலத் தலைவர் என்றால் மேஜையைத் தட்டுபவர் என்று பழகிய நமக்கு இந்த ஆள் பிடிப்பது கஷ்டம்.

கேட்கவும் செய்யாமல் ஒத்தியும் போடாமல் மிரட்டிப் பார்த்தால் என்ன ஆகும் என்பதற்கு அயர்லாந்து இருக்கிறது. 1916-இல் அங்கே விலக்குக் கொடுத்த பிரிட்டன், 1918 ஏப்ரலில் கட்டாய ஆள்சேர்ப்பை அயர்லாந்துக்கும் நீட்டும் சட்டம் போட்டது. ஒருவரைக்கூட அதன்படி எடுக்க முடியவில்லை. டிசம்பர் தேர்தலில், அயர்லாந்தின் விடுதலை கேட்ட சின் ஃபெய்ன் கட்சி 105 இடங்களில் 73-ஐ அள்ளியது.

சிறை போனவர் பிரதமரானபோது

மறுபடி ஆஸ்திரேலியா. 1916 எதிர்ப்புப் பிரச்சாரத்தில் மெல்பர்னில் செயலாளராக ஓடியாடி வேலை செய்த ஒரு தொழிற்சங்கக்காரர் ஜான் கர்ட்டின். முகாம் ஆணைக்குப் பணியாததற்காகத் தண்டனை பெற்று, மூன்று நாள் சிறையில் இருந்தார். 1941-இல் அவர் பிரதமர். சில வாரங்களில் ஜப்பான் போரில் இறங்கியது. 1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் விழுந்தது, நாலே நாளில் டார்வின் நகரில் குண்டு விழுந்தது.

ஆஸ்திரேலியாவுக்கு அப்போது இரண்டு ராணுவம்: எங்கும் போகக்கூடிய தன்னார்வப் படை ஒன்று, ஆஸ்திரேலிய மண்ணிலும் அதன் ஆட்சிக்குட்பட்ட நியூகினியிலும் மட்டும் நிற்கக்கூடிய கட்டாயச் சேவைப் படை இன்னொன்று. அமெரிக்காவிலிருந்து கட்டாயமாக எடுக்கப்பட்ட பையன்கள் ஆஸ்திரேலியாவைக் காக்க வந்திருக்கும்போது, ஆஸ்திரேலியாவின் கட்டாயப் படை ஒரு கோட்டைத் தாண்டாது என்று சொல்வது கர்ட்டினுக்குச் சங்கடமாக இருந்தது. 1942 நவம்பரில் கட்சி மாநாட்டில் அவரே விஷயத்தை எடுத்தார். பழைய தோழர்கள் துரோகம் என்றார்கள். அவர் ஹியூஸைப் போல வெளியே எழுந்து போகவில்லை. கட்சியின் மாநிலக் கிளைகள் ஒவ்வொன்றாக விவாதித்து முடிக்கும்வரை காத்திருந்தார். 1943 பிப்ரவரியில் சட்டம் நிறைவேறியது. அதிலும் வரைபடத்தில் அளந்து ஒரு பகுதியை மட்டும் குறித்தார்கள், வடக்கு எல்லை பூமத்திய ரேகை. அந்தச் சட்டத்தின்படி கட்டாயப் படை போனது பெரும்பாலும் டச்சு நியூகினியின் மெராவ்கே வரைதான். ஆஸ்திரேலிய எல்லையிலிருந்து அது ஒன்றும் வெகுதூரம் இல்லை.

அந்த விவாதம் நடந்தபோது எதிர்வரிசையில் பில்லி ஹியூஸ் உட்கார்ந்திருந்தார், ஒரு கட்சியின் தலைவராக. வயது எண்பது.